பெட்டிக்காரர் பதில்கள்

புதிதாக வாசிக்கிறவர்களுக்காக: திருகோணமலை மத்திய வீதியில் சின்னக் கடை ஒன்று போட்டு முப்பது வருஷத்துக்கு மேல் றேடியோவும் ரீவியும் திருத்தியவன் நான். அதற்கு முன்னம் திருவிழா மேடைகளில் ஆர்மோனியம் வாசித்தேன். அதுவும் பெட்டி, இதுவும் பெட்டி. ஆகவே ஊரில் எனக்குப் பெயர் பெட்டிக்காரர். இந்த மாதம் காணி வழக்கு, சாதகப் பொருத்தம், நீரிழிவுக்குப் பாகற்காய் என்று வந்த கடிதங்களை ஒரு பக்கம் வைத்துவிட்டேன். ஓர் ஆசிரியை கேட்ட கேள்வி என்னை மூன்று கிழமையாகப் போட்டு ஆட்டிக்கொண்டிருக்கிறது. அதோடு சேர்ந்து உட்காரக்கூடிய கேள்விகளை மட்டும் எடுத்திருக்கிறேன். மற்றவர்கள் கோபிக்க வேண்டாம். பாகற்காய் அடுத்த மாதம்.

கேள்வி: சென்ற இதழில் ‘இலங்கையின் முதல் தொலைக்காட்சி ரூபவாஹினி’ என்று எழுதியிருந்தீர்கள். அப்படியென்றால் ஐ.ரி.என். தொலைக்காட்சி எங்கே போனது?
– வாசகர் ஒருவர், நிலாவெளி

என் மறதிக்குள் போனது. பிழை என்னுடையதுதான். ஐ.ரி.என். 1979 ஏப்ரல் 13 அன்று, சித்திரைப் புத்தாண்டுக் கொண்டாட்டத்தோடு தொடங்கியது. தனியார் முயற்சி. அதே வருஷம் ஜூன் மாதம் அரசாங்கம் கையேற்றது. ரூபவாஹினி அதற்குப் பிறகு, 1982 பெப்ரவரி 15 அன்று, ஜப்பான் கொடுத்த உதவியில் வந்தது.

எனக்காக ஒரு சமாதானம் சொல்லிக்கொள்கிறேன். ஐ.ரி.என். அந்த நாளில் கொழும்புப் பக்கத்துச் சங்கதி. எங்கள் கூரைக்கு அது எட்டவில்லை. 1982க்கு முன்னம் என் கடைக்கு ஒரேயொரு ரீவிதான் வந்தது. மத்திய கிழக்கில் வேலை செய்துவிட்டு வந்த ஒருவர் துவாயில் சுற்றி, குழந்தைப்பிள்ளையைப் போலத் தூக்கிக்கொண்டு வந்தார். “படம் வரேல்ல, என்னெண்டு பார்.” கழற்றிப் பார்த்தேன். புத்தம் புதுச் சாமான், ஒரு பிழையும் இல்லை. “அண்ணை, பெட்டி நல்லாத்தான் இருக்கு. வானத்திலதான் ஒண்டும் இல்லை” என்றேன். அவர் நம்பவில்லை. வேறு கடைக்குக் கொண்டுபோனார்.

கேள்வி: நான் ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியை. லண்டனில் இருக்கும் மகள் பழைய நிகழ்ச்சி நிரல் ஒன்றின் படத்தை அனுப்பியிருந்தாள். 1936 நவம்பர் 2, பி.பி.சி. தொலைக்காட்சியின் தொடக்க நாள். அதில் ‘வரைட்டி’ என்ற பல்சுவைப் பகுதியில் ‘பக் அன்ட் பபிள்ஸ்’ என்று ஒரு சோடி. முப்பது வருஷம் ஆங்கிலம் படிப்பித்தும் இந்தப் பெயரைக் கேள்விப்பட்டதில்லை. யார் இவர்கள்? ஏன் ஒருவருக்கும் ஞாபகமில்லை?
– வாசகி ஒருவர், உவர்மலை

டீச்சர், உங்கள் கடிதம் வரும்வரை எனக்கும் தெரியாது. பெயரைப் பார்த்ததும் ஏதோ சவர்க்கார விளம்பரம் என்றுதான் நினைத்தேன். பிறகு பேரனைப் பிடித்து, போனில் பழைய படத்துண்டுகளைத் தேடிப் பார்த்து, லண்டனில் இருக்கும் என் பழைய சிநேகிதனிடமும் விசாரித்து, இப்போது ஒருவாறு சொல்லக்கூடிய நிலையில் இருக்கிறேன்.

பக் என்பவர் ஃபோர்ட் லீ வொஷிங்டன். பபிள்ஸ் என்பவர் ஜோன் சப்லெட். இரண்டு பேரும் அமெரிக்காவின் கறுப்பினத்தவர்கள், கென்டக்கி மாநிலத்து லூயிவில் நகரத்துப் பெடியன்கள். பபிள்ஸ் 1902இல் பிறந்தவர், பக் 1903இல். மீசை அரும்பும் முன்னமே சோடி சேர்ந்தார்கள். 1919 அளவில் மேடையேறியவர்கள் 1953இல்தான் பிரிந்தார்கள். எங்கள் ஊரில் ஒரு வள்ளத்துக்கு இரண்டு பங்காளிகள் அவ்வளவு காலம் ஒற்றுமையாக இருந்ததை நான் கண்டதில்லை.

பக் பியானோ வாசிப்பார். பபிள்ஸ் ஆடுவார், பாடுவார். இடையிடையே பகிடி. அவர் ஆடியது ‘டாப்’ ஆட்டம். சப்பாத்தின் நுனியிலும் குதியிலும் உலோகத் தகடு அடித்திருப்பார்கள். மேடைப் பலகைதான் மத்தளம், கால்தான் கை. பபிள்ஸுக்கு முன்னம் இருந்த பெரிய ஆட்டக்காரர்கள் பெரும்பாலும் முன்பாதத்தில் நின்று கடகடவென்று வேகமாக அடிப்பார்கள். இவர் வேகத்தைப் பாதியாகக் குறைத்தார். குறைத்தால் அடிக்கும் அடிக்கும் நடுவில் இடம் பிறக்குமல்லவா? அந்த இடத்துக்குள் குதியை இறக்கி, சனம் எதிர்பாராத சந்தில் அடி வைத்தார். சங்கீதம் படித்தவர்களுக்குச் சொன்னால் சட்டென்று பிடிபடும்: ஒரு களையில் ஓடிக்கொண்டிருந்த தாளத்தை இரண்டு களைக்கு இழுத்து, மிச்சமான இடத்தில் கணக்கு வைத்துக் காட்டினார். ‘ரிதம் டாப்’ என்கிற பாணிக்கே இவரைத்தான் தகப்பன் என்கிறார்கள். ஹொலிவூட்டின் ஆட்ட நடிகர் ஃப்ரெட் அஸ்டெயர் இவரிடம் பாடம் கேட்டவர் என்றும் சொல்வார்கள்.

ஆனால் டீச்சர், நான் பெட்டிக்காரன். ஆடுகிறவர் எவ்வளவு ஆடினாலும் என் கண் பின்னுக்கு இருக்கிற பெட்டிக்குத்தான் போகும். பேரன் பபிள்ஸின் காலைப் பார்த்து வாய் பிளந்தான். நான் பக்கின் கையைப் பார்த்தேன். மனுஷன் அரை நித்திரையில் இருப்பவர் போலக் கதிரையில் சரிந்து கிடப்பார். ‘நீ ஆடினால் ஆடு, எனக்கென்ன’ என்ற மாதிரி ஓர் இருப்பு. சுரத்தை ஒரு பொடிப் பிந்திப் போடுவார். அந்தப் பிந்தலில்தான் ஆட்டக்காரருக்குக் காலை வைக்க இடம் கிடைக்கிறது. சிரிப்பும் அதற்குள்தான் இருக்கிறது. பிந்துவது சுலபம் என்று நினைக்க வேண்டாம். அரை மாத்திரை கூடிப் பிந்தினால் ஆட்டக்காரர் விழுந்துவிடுவார். முந்தினால் பகிடி செத்துவிடும். சோம்பேறியைப் போல வாசிப்பதற்குத் தாளம் எலும்புக்குள் ஊறியிருக்க வேண்டும்.

சும்மா சொல்லவில்லை, சாட்சியும் உண்டு. 1930இல் ஜாஸ் இசையின் பெரும்புள்ளி லூயி ஆர்ம்ஸ்ட்ரோங் ஓர் இசைத்தட்டு பதிந்தார். வேறு வாத்தியம் ஒன்றும் இல்லை, அவருடைய ஊதுகுழலும் ஒரு பியானோவும் மட்டும். அந்தப் பியானோ பக். 1933இல் புளூஸ் பாடகி பெஸி ஸ்மித் கடைசியாக ஒலிப்பதிவுக் கூடத்துக்குப் போனபோதும் பியானோவில் இருந்தது பக். இத்தனைக்கும் மேடையில் அவருடைய வேலை, தெரியாதவர் போல நடிப்பது.

1931இல் நியூயோர்க்கின் பெரிய மேடைக் காட்சிகளில் ஒன்றான சீக்ஃபெல்ட் ஃபொலீஸில் ஏறினார்கள். 1935இல் ஜோர்ஜ் கேர்ஷ்வின் இசையமைத்த ‘போர்கி அன்ட் பெஸ்’ இசைநாடகம் முதன்முதல் மேடையேறியபோது இருவருக்குமே பாத்திரம் இருந்தது. பபிள்ஸுக்குப் பெரிய பாத்திரம், ஸ்போர்ட்டின் லைஃப் என்கிற கெட்டிக்காரக் காவாலி. பக்குக்குச் சின்னது. இதிலே ஒரு கதை எனக்கு நன்றாகப் பிடித்தது. பபிள்ஸுக்கு இசைக்குறிப்பு வாசிக்கத் தெரியாது. எழுதிக் கொடுத்த தாளைப் பார்த்து அவர் முழிக்க, தாளத்தைக் காலால் தட்டவைத்துத்தான் பாட்டைப் பழக்கினார்களாம். எங்கள் கூத்துக் களரியில் அண்ணாவியார் எந்தத் தாளைப் பார்த்துப் பழக்கினார்? தாளக்கட்டைச் சொல்லி, கால் பிடித்தபிறகுதானே பாட்டு வரும்.

அடுத்த வருஷம் லண்டன் மேடைக்கு ஆடப் போனவர்களைத்தான் தொலைக்காட்சிக்காரர் பிடித்துக்கொண்டார்கள். நீங்கள் அனுப்பிய நிரலில் இருக்கிற அந்த நாள் ஒரு திங்கட்கிழமை. அலெக்ஸாண்ட்ரா மாளிகை என்கிற கட்டடத்தில் பிற்பகல் 3 மணிக்குத் தொடக்கம். எங்கள் நேரம் இரவு எட்டரை. டொக்யார்டில் மூட்டை சுமந்துவிட்டு வந்த என் அப்பா அந்த நேரம் குறட்டை விட்டிருப்பார்.

அன்றைக்கு அங்கே இரண்டு முறைகளுக்கு நடுவில் போட்டி. ஒன்று தொலைக்காட்சி முன்னோடி ஜோன் லோகி பெயார்டுடையது, 240 வரிப் படம் (வரி கூடக்கூடப் படம் தெளிவு). மற்றது மார்க்கோனி-ஈ.எம்.ஐ. கம்பெனியுடையது, 405 வரி. (எங்கள் பழைய ரீவிகளில் 625 வரி என்பதை நினைத்துக்கொள்ளுங்கள்.) யார் முதலில் என்று தீர்க்க நாணயம் சுண்டிப் பார்த்தார்கள். பெயார்ட் வென்றார். இரண்டு முறைக்கும் தனித்தனியே காட்ட வேண்டியிருந்ததால், திறப்புவிழாப் பேச்சுகளைப் பெரியமனிதர்கள் திரும்பவும் ஒருமுறை பேசினார்கள். ஒரே பேச்சை இரண்டு தரம் கேட்பது எங்கள் ஊர்க் கூட்டங்களுக்குப் புதிதல்ல. ஆனால் அவர்களுக்கு அதற்கொரு தொழில்நுட்பக் காரணமாவது இருந்தது.

மெக்கானிக் என்ற முறையில் ஒரு சொட்டு அதிகமாகச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். பெயார்டின் பெரிய கலையகத்தில் படம் நேரே ரீவிக்குப் போகாது. முதலில் சினிமாவைப் போலப் பிலிமில் எடுப்பார்கள். அந்தப் பிலிமை ஒரு நிமிஷ அளவில் மருந்துத் தொட்டிகளுக்குள்ளால் இழுத்துக் கழுவி, ஈரம் காய முன்னமே வெளிச்சம் பாய்ச்சிப் படமாக அனுப்புவார்கள். கமெராவை அந்தத் தொட்டிகளோடு சேர்த்துப் பூட்டியிருந்தபடியால் அங்கே இங்கே அசைக்க முடியாது. ஆட்டக்காரர் ஒருவரை நட்ட மரத்தைப் போல நிற்கிற கமெராவுக்கு முன் ஆடச் சொன்னால் எப்படியிருக்கும்? 1937 தொடக்கத்திலேயே பெயார்ட் முறையைக் கைவிட்டார்கள்.

அந்த முதல் பல்சுவையில் அடேல் டிக்ஸன் என்ற பாடகி தொலைக்காட்சியைப் பற்றியே எழுதிய பாட்டொன்றைப் பாடினார். சீனத்து வித்தைக்காரர் குழு ஒன்று வந்தது. அவர்களோடு பக்கும் பபிள்ஸும். உலகத்தில் ஒழுங்காக நடந்த தொலைக்காட்சிச் சேவைகளுக்கு முன்னோடியாக நிற்கிற ஒன்றின் முதல் நாளிலேயே கறுப்பினக் கலைஞர் இருவர். அவர்களுடைய சொந்த நாட்டிலோ, அவர்கள் ஆடிய அரங்குகள் பலவற்றில் அவர்களுடைய சனம் முன்வரிசைக்கு வர முடியாது. மேடைக்கு வரலாம், கதிரைக்கு வரக்கூடாது.

ஏன் மறந்தார்கள் என்று கேட்டீர்கள். அன்றைய நிகழ்ச்சி எங்கேயும் பதிவாகவில்லை என்பது ஒரு காரணம். அதைக் கீழே ஒரு தம்பிக்கு விளக்கமாகச் சொல்கிறேன். பல்சுவைக் கலைஞர் என்றாலே நாடகத்துக்கும் பாட்டுக்கும் நடுவில் பத்து நிமிஷம் வந்து போகிறவர் என்பது இன்னொன்று. ஆனால் எனக்கு உறைக்கிற காரணம் வேறு. இருவரும் ஒரேயளவாக மறக்கப்படவில்லை. பபிள்ஸை ஆட்டக்காரர்கள் இன்றைக்கும் கும்பிடுகிறார்கள். அவர் 1967இல் பக்கவாதம் வந்து ஒரு பக்கம் விழுந்தும், பிறகு மேடைக்கு வந்து பாடி, பழைய கதைகள் சொல்லி, 1986 வரை இருந்தார். பக் 1955இலேயே போய்விட்டார். பேட்டி கொடுப்பதற்கு ஒரு முதுமை வேண்டும். அது அவருக்குக் கிடைக்கவில்லை. அஸ்டெயர் பபிள்ஸிடம் படித்த கதையைச் சொல்கிறவர்களிடம் “அப்ப பெட்டி வாசிச்சது ஆர்?” என்று கேட்டுப் பாருங்கள்.

கேள்வி: உவர்மலை டீச்சரின் கேள்வி பற்றி உங்கள் பேரன் சொன்னான், நாங்கள் ஒரே வகுப்பு. அந்த 1936 நிகழ்ச்சியை நானும் யூடியூபில் தேடினேன், கிடைக்கவில்லை. எந்தப் பெயரில் தேட வேண்டும்?
– மாணவர் ஒருவர், பாலையூற்று

எந்தப் பெயரிலும் தேட வேண்டாம், தம்பி. இல்லாததை எப்படித் தேடுவது?

நீங்கள் பிறந்த காலத்தில் எதை எடுத்தாலும் பதிவாகித்தான் கிடக்கிறது. அன்றைக்கு அப்படியில்லை. கமெராவுக்கு முன் நடக்கிறது, அந்தக் கணமே காற்றில் போகிறது, பெட்டியில் வருகிறது, முடிந்தது. வீடியோ நாடா என்ற சாமான் விற்பனைக்கு வந்ததே 1956இல்தான். ஒளிபரப்பான அன்று அந்தப் படம் லண்டனைச் சுற்றிச் சில நூறு பெட்டிகளில் தெரிந்திருக்கும், அவ்வளவுதான். வெள்ளிக்கிழமை பத்திரகாளி அம்மன் கோயில் வாசலில் அதைவிடக் கூடச் சனம் நிற்கும். பிறகு 1939 செப்டெம்பர் 1இல் யுத்தத்துக்காக அந்தச் சேவையையே மூடி, 1946 ஜூனில்தான் திரும்பத் திறந்தார்கள்.

முதல்நாள் காட்சி என்று அடேல் டிக்ஸன் பாடும் துண்டொன்று உலவுகிறதே என்பீர்கள். அது அந்தக் காலத்திலேயே சினிமாப் பிலிமில் தனியாக எடுத்தது. ஒளிபரப்பு அல்ல.

சோடியைப் பார்க்க வேண்டுமானால் சினிமாவில் பாருங்கள். 1937இல் வந்த ‘வர்ஸிட்டி ஷோ’விலும் 1943இல் வந்த ‘கபின் இன் த ஸ்கை’யிலும் இருக்கிறார்கள். முதல் தரம் கண்ணைத் திறந்து பாருங்கள். இரண்டாம் தரம் கண்ணை மூடிக் கேளுங்கள். காலுக்குக் கீழே பியானோ என்ன செய்கிறது என்று அப்போதுதான் விளங்கும்.

கேள்வி: நாங்கள் சின்னப்பிள்ளைகளாக இருந்தபோது சில இரவுகளில் மட்டும் மெட்ராஸ் ரீவி எங்கள் வீட்டில் விழும். மறுநாள் தலைகீழாக நின்றாலும் வராது. அம்மா அதற்கும் நேர்த்தி வைப்பார். என்ன காரணம்?
– வாசகி ஒருவர், மூதூர்

அம்மாவின் நேர்த்தியைப் பற்றி நான் ஒன்றும் சொல்லமாட்டேன். மற்றப் பாதிக்குக் காரணம் கடல்.

சென்னைத் தொலைக்காட்சி 1975 ஓகஸ்ட் 15இல் தொடங்கியது. அங்கிருந்து எங்களுக்கு ஐந்நூறு கிலோமீற்றர் வரும். ரீவி அலை நேர்கோட்டில் போகிற சாதி. பூமியோ உருண்டை. ஆகவே அலை எங்கள் தலைக்கு மேலால் ஆகாயத்துக்குப் போய்விடும். ஆனால் காற்று விழுந்து, கடல் கண்ணாடியாகக் கிடக்கிற சில இரவுகளில், தண்ணீரை ஒட்டிக் குளிர்ந்த ஈரக் காற்றும் அதற்கு மேலே சூடான உலர்ந்த காற்றுமாக இரண்டு படை நிற்கும். அந்த இரண்டுக்கும் நடுவில் அலை குழாய்க்குள் போவதைப் போல வளைந்து வளைந்து வரும். வெள்ளிக்கிழமை சினிமாப் பாட்டு நேரத்தில் காற்று விழுந்ததென்றால் என் கடையில் அன்ரனா வயர் சுருள் சுருளாக விற்றுத் தீரும். அடுத்த நாள் காற்று எழும்ப, “நீ விற்ற வயர் சரியில்லை” என்று வந்து நிற்பார்கள்.

கேள்வி: நீங்கள் ஒருமுறை ரீவியில் வந்ததாக அப்பா சொல்லுவார். அம்மா, “அந்தாள் எங்க வந்தது, சத்தம்தான் வந்தது” என்பார். எது உண்மை?
– வாசகர் ஒருவர், திருக்கடலூர்

இரண்டும் உண்மை. இதை எழுதுகிறதா விடுகிறதா என்று யோசித்தேன். டீச்சரின் கடிதத்துக்குப் பிறகு எழுதாமல் விட மனம் வரவில்லை.

எழுபதுகளில் எங்கள் பக்கத்தில் ஒரு பகிடிச் சோடி இருந்தது. ஒருவர் சைக்கிளில் பாண் விற்பவர், மற்றவர் ஐஸ் உடைக்கிறவர். பெயர் எழுதினால் பிள்ளைகள் விரும்பமாட்டார்கள், விட்டுவிடுகிறேன். பெரும்பாலும் ஒரே உருப்படிதான் செய்வார்கள். ஐஸ்காரர் ஸ்ரேசன் மாஸ்ரர், பாண்காரர் ஆட்டோடு வந்த கிராமத்து மனிதர். “ஐயா, கந்தளாய்க்கு எனக்கு ஒரு ரிக்கற். ஆட்டுக்கு அரை ரிக்கற் காணுமோ?” என்று தொடங்கும். ஆட்டுக்கு வயது என்ன, பல் எத்தனை, கொம்பைச் சாமான் கணக்கில் சேர்ப்பதா என்று போய், கடைசியில் ரயில் ஆட்டை ஏற்றிக்கொண்டு மனிதரை விட்டுவிட்டுப் போய்விடும்.

அந்த ரயில் நான். ஆர்மோனியத் துருத்தியை வெறுமனே அடித்தால் புகை விடுகிற சத்தம் வரும். அதைப் பையப்பையக் கூட்டி, கிட்டக் கிட்ட இருக்கிற இரண்டு கட்டைகளை ஒன்றாக அமத்தினால் விசில். ரயில் வெளிக்கிடும் வேகத்தை வைத்துத்தான் பாண்காரர் ஓடுவார். நான் முந்தினால் அவர் ஆட்டைப் பிடித்துவிடுவார், கதை கெட்டுவிடும். ஆகவே அவருடைய காலையே பார்த்துக்கொண்டிருப்பேன். பக்கின் பிந்தலைப் பார்த்ததும் எனக்கு நெஞ்சுக்குள் ஏதோ செய்தது என்றால் இதனால்தான்.

1982 கடைசியில் கொழும்பில் ஒரு நிகழ்ச்சிக்குக் கூப்பிட்டார்கள். மூவரும் இரவு மெயிலில் போனோம். கல்லோயாச் சந்தியில் மட்டக்களப்பு ரயில் பெட்டிகளைக் கொண்டுவந்து கோர்க்கிற நேரம், பாண்காரருக்குப் பொழுது போகவில்லை. பெட்டியை மடியில் வைத்துத் தொடங்கச் சொன்னார். உண்மையான ரயிலுக்குள் இருந்து பொய் ரயில் விட்டேன். காவலாளி வந்து எட்டிப் பார்த்தார். எங்கள் வாழ்க்கையில் அதைப்போல் ஒரு அரங்கம் திரும்பக் கிடைக்கவில்லை.

கலையகம் வேறு மாதிரி. வழுவழுப்பான நிலம், தலையில் அடுப்பு வைத்ததைப் போல வெளிச்சம். சோக்கட்டியால் இரண்டு புள்ளடி போட்டு, சோடி அந்தப் புள்ளடியில் நிற்க வேண்டும் என்றார்கள். எனக்குப் புள்ளடி இல்லை. “பெட்டிச் சத்தம் மட்டும் காணும்” என்று திரைச்சேலைக்குப் பக்கத்தில் இருத்தினார்கள். அங்கிருந்து பாண்காரரின் காலில் பாதிதான் தெரிந்தது. கழுத்தை நீட்டி நீட்டி வாசித்தேன். எட்டு நிமிஷ உருப்படி ஆறாகக் குறைந்தது. கொம்புக் கணக்குப் போய்விட்டது.

பிறகு என்னென்னவோ நடந்துவிட்டது. பாண்காரர் 1990இல் குடும்பத்தோடு வள்ளமேறி இந்தியாவுக்குப் போனார். ஐஸ்காரர் இங்கேயே கண்ணை மூடினார். ஆட்டுக் கதையைச் சொல்ல இப்போது நான் ஒருவன்தான். நானோ ரயில்.

நிகழ்ச்சி வந்த இரவைச் சொல்லாவிட்டால் உங்கள் அப்பா அம்மா வழக்குத் தீராது. ஒழுங்கையில் இருந்த ஒரே ரீவி வீட்டில் அறுபது பேர் இருக்கும். சோடி இரண்டும் வேட்டி கட்டி முன்வரிசையில். சரியாக எங்கள் நேரம் வர, படம் உருளத் தொடங்கியது. மனிதர் மேலே போய்க் காலால் வருகிறார்கள். ஊரில் அன்ரனா பிடிக்கத் தெரிந்தவன் யார்? “பெட்டிக்காரர், ஏறுங்கோ, ஏறுங்கோ!” ஏறினேன். அலுமினியக் குழாயைக் கட்டிப்பிடித்துப் ரூபவாஹினிக் கோபுரம் நிற்கிற பிதுருதாலகால மலைப் பக்கம் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பினேன். “வருது… வருது… போகுது… ஆ, அப்படியே பிடி, அசையாத!” பிடித்தேன். ஆறு நிமிஷம் ஓட்டுக்கு மேல் பல்லியைப் போல ஒட்டிக்கொண்டிருந்தேன். கீழே அறுபது பேரும் சிரிக்கிறார்கள். ஓட்டுக்குள்ளால் என்னுடைய ரயில் வெளிக்கிடுகிற சத்தம் கேட்கிறது. நல்ல நேரத்துக்குத்தான் வெளிக்கிட்டது.

எல்லாம் முடிந்து இறங்கி வந்து, சும்மா கேட்பது போல, “என்னைக் காட்டினவங்களோ?” என்றேன். பெரியவர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். யாரோ தேத்தண்ணிக் கோப்பையை நீட்டினார்கள். முன்னுக்கு இருந்த ஒரு சின்னப் பெடியன்தான் எழும்பிச் சொன்னான்:

“மாமா, உங்கட கை வந்தது. ஒருக்கா.”